நூற்று ஐம்பத்து மூன்றில் ஒன்பது பேர்

புதிதாகக் கணக்கு ஆசிரியர்களாகச் சேர்ந்திருக்கிற உங்களிடம் முதலில் ஒரு கேள்வி. நூற்று ஐம்பத்து மூன்று முழு வர்க்க எண்ணா?

யோசிக்கவே வேண்டாம். ஒன்றாம் இலக்கம் மூன்று. மூன்றில் முடிகிற எந்த எண்ணும் முழு வர்க்கமாகாது என்று நீங்கள் கண்ணை மூடிக்கொண்டு சொல்லிவிடுவீர்கள். நானும் அப்படித்தான் சொன்னேன். சொன்ன கையோடு ஒன்பது பிள்ளைகளைத் தண்ணீர்க் குடத்துப் பக்கம் அனுப்பியும் வைத்தேன். அந்தக் கதையைத்தான் இப்போது சொல்லப் போகிறேன். பாடக்குறிப்பு எழுதுவது எப்படி, கரும்பலகையை எத்தனை பத்தியாகப் பிரிப்பது என்பதெல்லாம் உங்களுக்குப் பயிற்சியில் சொல்லித் தருவார்கள். என் வாயைக் கிளறினால் நான் செய்த தப்புகள்தான் வரும்.

நான் பணியாற்றியது மேலூர்ப் பக்கத்தில் ஒரு நடுநிலைப் பள்ளியில். வீடு பரவையில். தினமும் இரண்டு பஸ் மாறிப் போவேன். அப்படியும் பள்ளியில் எனக்கு முன்னால் வந்து நிற்பவர் வாட்ச்மேன் மட்டும்தான். அதில் எனக்குக் கொஞ்சம் திமிர் உண்டு. கணக்கு நடத்துவதில் அதைவிடத் திமிர்.

எட்டாம் வகுப்புக்கு முழு வர்க்க எண் நடத்தும்போது நான் ஒரு பாட்டுக் கட்டியிருந்தேன். இரண்டு, மூன்று, ஏழு, எட்டு ஆகிய நான்கில் முடிகிற எண் முழு வர்க்கமாகாது என்பதைப் பிள்ளைகள் மறக்கக் கூடாது அல்லவா? அதற்காக, "ரெண்டு மூணு ஏழு எட்டு, வந்தா கதவைப் பூட்டு!" நான் முதல் பாதியைச் சொன்னால் வகுப்பே மேசையைத் தட்டி இரண்டாம் பாதியைக் கத்தும். பக்கத்து வகுப்பு ஆசிரியர் வந்து எட்டிப் பார்ப்பார். ஐந்தாம் வகுப்புப் பிள்ளைகள்கூட அர்த்தம் தெரியாமல் அதைப் பாடிக்கொண்டு ஓடும்.

ஒருமுறை பள்ளி ஆய்வுக்கு வந்த அதிகாரி ஒரு பையனை எழுப்பி, நூற்று ஐம்பத்து நான்கு முழு வர்க்கமா என்று கேட்டார். பையன் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு, "ஆமா சார், நாலுல முடியுது" என்றான். "அப்ப எந்த எண்ணோட வர்க்கம்?" என்று கேட்டார் அவர். "அது டீச்சருக்குத் தெரியும் சார்" என்றான். அதிகாரி சிரித்துவிட்டார். எனக்குத்தான் முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை.

தப்பு பையனுடையது இல்லை. ஒன்றாம் இலக்க விதிக்கு வெளியே தள்ளத்தான் தெரியும். உள்ளே அழைக்கத் தெரியாது. இரண்டில் முடிந்தால் இல்லை என்று உறுதியாகச் சொல்லும். நான்கில் முடிந்தால் இருக்கலாம், போய்ச் சரிபார் என்றுதான் சொல்லும். நான் கதவைப் பூட்டுவதற்குப் பாட்டுக் கட்டினேன். திறந்து உள்ளே பார்ப்பதற்குக் கட்டவில்லை. அந்தப் பையன் விஷயத்தோடு இந்தப் பாடம் எனக்கு வந்துவிட்டது என்று நினைத்துக்கொண்டிருந்தேன். வரவில்லை.

பள்ளிக்குப் புதிய கட்டடம் ஒன்று கட்டி முடித்திருந்தார்கள். புரட்டாசியில் திறப்பு விழா. மாவட்டத்திலிருந்து பெரிய அதிகாரி வருகிறார். ஆறு முதல் எட்டு வரை எல்லாப் பிள்ளைகளும் ஆளுக்கொரு மஞ்சள் கைக்குட்டை பிடித்துக்கொண்டு மாஸ் டிரில் செய்ய வேண்டும் என்று ஏற்பாடு. பயிற்சி தினமும் காலை எட்டே முக்காலுக்கு, பிரேயருக்கு முன்னால். பி.டி. சார் விசில் ஊதுவார். நான் ஓரத்தில் நின்று யார் யார் வந்திருக்கிறார்கள் என்று பேரேட்டில் குறிப்பேன். எனக்கு அந்த வேலையை யாரும் கொடுக்கவில்லை. நானாக எடுத்துக்கொண்டேன்.

விழாவுக்கு ஒரு வாரம் இருக்கும்போது தலைமையாசிரியருக்குப் புது யோசனை வந்தது. புதிய கட்டடத்து மொட்டை மாடியிலிருந்து போட்டோ எடுக்க வேண்டுமாம்.

"மேலருந்து பாத்தா கட்டம் போட்ட மாதிரி இருக்கணும் டீச்சர். எந்தப் பக்கம் எண்ணுனாலும் ஒரே எண்ணிக்கை. மூலை பிசகக் கூடாது. நீங்க கணக்கு டீச்சர், நீங்களே பாத்துச் சொல்லுங்க" என்றார்.

எனக்குத் தலைகால் புரியவில்லை. பாடப்புத்தகத்தில் இருக்கிற கணக்கு அப்படியே மைதானத்துக்கு வந்துவிட்டது. ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது என்று எங்களைக் கேலி பேசுகிறவர்களுக்கு நல்ல பதில் என்று நினைத்தேன். எட்டாம் வகுப்பை வேப்பமரத்தடிக்குக் கூட்டிக்கொண்டு போய் உட்கார வைத்தேன்.

"மொத்தம் நூத்தி அம்பத்து மூணு பேரு. சதுரமா நிக்க முடியுமா?"

"மூணுல முடியுது டீச்சர். கதவைப் பூட்டு!" என்று கத்தினார்கள்.

"சரி. அப்ப குறைஞ்சது எத்தனை பேரைக் கழிச்சா சதுரமா நிக்கலாம்?"

யாரும் கை தூக்கவில்லை. வழக்கமாகப் பதில் சொல்லும் இரண்டு பேர் நோட்டில் பகாக் காரணிகளைத் தேடிக்கொண்டிருந்தார்கள். அப்போது கடைசி வரிசையிலிருந்து ஒரு கை, பாதிதான், தோள் உயரத்துக்கு எழுந்தது. பாண்டீஸ்வரி.

அவளைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். திருவாதவூர் ரோட்டில் உள்ளே தள்ளி ஒரு ஊர். அப்பா இல்லை. அம்மா நடவு வேலைக்குப் போகிறவர். கணக்கில் அவள் முப்பத்தைந்தைத் தொட்டால் பெரிது. ஆறாம் வகுப்பிலிருந்து என்னிடம் படிக்கிறாள். அதுவரை ஒருநாளும் அவள் கை தூக்கி நான் பார்த்ததில்லை.

"பன்னெண்டு பன்னெண்டு நூத்தி நாப்பத்து நாலு டீச்சர். பதிமூணு பதிமூணு நூத்தி அறுவத்தொம்போது, அம்புட்டுப் பேரு இல்ல. அதனால ஒம்பது பேரைக் கழிக்கணும்."

நான் கை தட்டினேன். வகுப்பையும் தட்டச் சொன்னேன். அவள் முகம் சிவந்து, சிரிப்பை அடக்கத் தெரியாமல் முட்டியில் முகத்தைப் புதைத்துக்கொண்டாள். அன்று பஸ்ஸில் வீடு திரும்பும்போது நானும் சிரித்துக்கொண்டேதான் போனேன்.

அடுத்த வேலை, அந்த ஒன்பது பேர் யார் என்று முடிவு செய்வது. பி.டி. சார், "குள்ளமா இருக்கிற ஒம்பது பேரை எடுத்துரலாமா?" என்றார். எனக்குக் கோபம் வந்தது. உயரத்தைப் பார்த்துப் பிள்ளையைக் கழிப்பதா? "விதின்னு ஒண்ணு வேணும் சார்" என்று சொல்லிவிட்டு என் பேரேட்டை எடுத்தேன். பயிற்சிக்கு யார் அதிகமாக வராமல் இருந்திருக்கிறார்களோ அவர்களில் முதல் ஒன்பது பேர். வராதவர்களுக்கு இடம் இல்லை. இதைவிட நியாயம் உண்டா? யார் வந்து கேட்டாலும் பேரேட்டைக் காட்டிவிடலாம்.

மதியம் பெயர்களை வாசித்தேன். ஆறாவது பெயர் பாண்டீஸ்வரி.

வாசித்த பிறகுதான் அது உறைத்தது. நிமிர்ந்து பார்த்தேன். அவள் எழுந்து, "சரிங்க டீச்சர்" என்றாள். அவ்வளவுதான். நான் ஒரு கணம் தயங்கினேன் என்பதை மறைக்கப் போவதில்லை. ஆனால் விதி என்று சொல்லிவிட்டு முதல் நாளே ஒருத்திக்காக மாற்றினால் விதிக்கு என்ன மரியாதை என்று நினைத்தேன். "மீதி ஒம்பது பேரும் விழா அன்னிக்குத் தண்ணி குடுக்கிற வேலையைப் பாத்துக்கங்க" என்று முடித்துவிட்டேன்.

மீதி. அந்தச் சொல்லை நான்தான் சொன்னேன். கணக்கு வகுப்பில் ஆயிரம் தடவை சொல்லிப் பழகிய நாக்கு, கவனிக்காமல் சொல்லிவிட்டது. மறுநாள் காலை வராந்தாவில் போகும்போது ஒரு பையன் இன்னொருவனைக் கூப்பிட்டான்: "டேய் மீதி, இங்க வாடா!" அந்த ஒன்பது பேரும் ஒரே நாளில் பெயர் மாறிப் போயிருந்தார்கள். நான் அந்தப் பையனை அதட்டினேன். அவனை அதட்ட எனக்கு என்ன தகுதி என்று அப்போது யோசிக்கவில்லை.

விழாவுக்கு முதல் நாள் சாயங்காலம் பாண்டீஸ்வரி ஆசிரியர் அறை வாசலில் வந்து நின்றாள்.

"டீச்சர், எங்கம்மா நாளைக்கு வாரேன்னு சொல்லிருச்சு."

"வரட்டுமே, நல்லதுதான்."

"நான் கணக்குச் சொன்னது, நீங்க கை தட்டுனதெல்லாம் சொன்னேன். அன்னிக்கே வாரேன்னு சொல்லிருச்சு. பள்ளிக்கூடத்துக்கு வந்ததே இல்ல டீச்சர். நடவுக்குப் போகாம வருது. வர வேணாம்னு சொல்லிரவா டீச்சர்?"

அவள் என்னிடம் கேட்டது அதுவல்ல என்று ஒரு குருடருக்குக்கூடத் தெரிந்திருக்கும். என் மேசையில் அழைப்பிதழ்க் கட்டு, மேடையில் யார் யாருக்கு நாற்காலி என்ற பட்டியல், மாலை பஸ்ஸுக்கு நேரம். "தண்ணி குடுக்கிறதும் வேலைதான்மா. அம்மா வந்து பாக்கட்டும்" என்றேன். அவள் தலையாட்டிவிட்டுப் போனாள். என் முப்பத்து நான்கு வருடப் பணியில் திரும்பப் போய் மாற்ற ஒரு பதில் கிடைக்கும் என்றால் அந்தப் பதிலைத்தான் மாற்றுவேன்.

விழா அன்று காலை கேட்டருகே வருகிறவர்களுக்குச் சந்தனம் கொடுத்துக்கொண்டிருந்தேன். துவைத்து மடித்த சேலையில் ஒரு பெண் வந்தார். சந்தனம் எடுக்க நீட்டிய விரல்களில் நகக்கண் எல்லாம் சேறு. தேய்த்துக் கழுவியும் போகாத நடவுச் சேறு. கையில் ஒரு செல்போனைக் கைக்குட்டையில் சுற்றி வைத்திருந்தார்.

"பாண்டீஸ்வரி அம்மாங்க. நீங்கதான கணக்கு டீச்சர்? எம்புள்ள வாய் ஓயாம உங்களப் பத்தித்தான் பேசும். எத்தனாவது வரிசையில நிக்கிது டீச்சர்? எங்க அண்ணன் மகன்கிட்ட போனு வாங்கியாந்தேன், போட்டா எடுக்கணும்."

ஆக, பாண்டீஸ்வரி தன் அம்மாவிடம் சொல்லவே இல்லை. சொல்கிற வேலை எனக்கு வந்தது. ஒன்பது பேர் கூடுதலாகப் போனதையும், சதுரமாக நிற்க வேண்டும் என்பதையும், பயிற்சிக்கு வராதவர்களைத்தான் எடுத்தோம் என்பதையும் ஒரு மூச்சில் சொல்லி முடித்தேன். சொல்லச் சொல்ல என் காதுக்கே அது நன்றாக இல்லை.

அவர் கோபப்படவில்லை. கோபப்பட்டிருந்தால் எனக்கு வசதியாக இருந்திருக்கும்.

"வராம இல்ல டீச்சர். எட்டு மணிக்கெல்லாம் ரோட்டுல நிக்கிது. பஸ்சு இங்க வந்து சேரவே ஒம்பதே காலாகுதே. அதுக்கு முந்துன பஸ்சு இருட்டோட போயிரும்."

அவர் போனைக் கைக்குட்டையில் மறுபடி சுற்றினார்.

"எங்க நடவுல சில நாளு ஆளு கூடிப்போகும் டீச்சர். அதுக்காக யாரையும் வரப்புல உக்காத்தி வைக்கிறதில்ல. கொஞ்சம் நெருக்கி நின்னுக்கிருவோம்."

சொல்லிவிட்டு வந்தவர்கள் உட்கார்ந்திருந்த பக்கம் போய் ஓரமாக நின்றார். நான் சந்தனக் கிண்ணத்தைப் பக்கத்திலிருந்த டீச்சர் கையில் கொடுத்துவிட்டுத் தண்ணீர்க் குடங்களைப் பார்த்தேன். அங்கே ஒன்பது பேரும் நின்றார்கள். ஆறாம் வகுப்பு, ஏழாம் வகுப்பு, எட்டாம் வகுப்பு, ஆணும் பெண்ணுமாக. பேரேட்டில் ஒன்பது பெயர்களாகப் பார்த்தபோது தெரியாதது இப்போது ஒன்பது முகங்களாகப் பார்த்தபோது தெரிந்தது. ஒன்பது பேரும் அந்த ஒரே பஸ்ஸிலிருந்து இறங்குகிறவர்கள். இரண்டு பஸ் மாறி வருகிற எனக்குப் பஸ்ஸின் அருமை தெரியாதா? தெரியும். பட்டியல் எழுதிய அன்று மட்டும் தெரியவில்லை. குள்ளமானவர்களைக் கழிக்கலாமா என்று கேட்ட பி.டி. சாரை முறைத்தேனே, அவர் உயரத்தைப் பார்த்தார். நான் ஊரைப் பார்த்துக் கழித்திருக்கிறேன்.

வாசலில் கார் வந்து நின்றது. பேண்டு வாத்தியம் தொடங்கியது. நூற்று நாற்பத்து நான்கு பேரும் சுண்ணாம்புக் கோட்டுக்குள் போய் நின்றுவிட்டார்கள். பன்னிரண்டுக்குப் பன்னிரண்டு, நூல் பிடித்த மாதிரி. மொட்டை மாடியில் போட்டோக்காரர். எனக்கு இருந்தது ஐந்து நிமிடம்.

ஓட்டமும் நடையுமாகக் குடங்களிடம் போனேன்.

"கொடத்த வைங்க. கைக்குட்டை இருக்கா? போங்க, வரிசையில எங்கயாச்சும் புகுந்து நின்னுக்கங்க. போட்டோ எப்படி வந்தா என்ன!"

எட்டுப் பேர் பாண்டீஸ்வரியைப் பார்த்தார்கள். அவள் அசையவில்லை.

"வேணாம் டீச்சர். நாங்க உள்ள போனா சதுரம் கெட்டுரும். எல்லாரும் எங்களத்தான் ஏசுவாக."

"பரவால்ல, நான் சொல்லிக்கிறேன். போங்க."

"ஒம்பதும் முழு வர்க்கம்தான டீச்சர்?"

எனக்குச் சட்டென்று விளங்கவில்லை.

"மூணு மூணு ஒம்பது. சாயங்காலம் பஸ்சு வர லேட்டாகுமில்ல, அங்க பஸ்டாப்புல மூணு மூணா நின்னு டிரில்லு போடுவோம். விசிலு இவன் வாயாலயே ஊதுவான்." ஆறாம் வகுப்புப் பையன் ஒருவனைக் காட்டினாள். "ஒரு வாரமா போடுறோம் டீச்சர். கூடப் படிக்கிறவுககிட்ட கேட்டுக் கேட்டு எல்லா ஸ்டெப்பும் தெரியும். சும்மாதான் போட்டோம். நாங்களே தனியா நின்னுக்கிரவா?"

தம்பி, தங்கைகளே, கணக்கு ஆசிரியர்களாகிய நமக்கு ஒரு தொழில் பழக்கம் உண்டு. கழித்து முடித்ததும் மீதி இவ்வளவு என்று எழுதி, அடியில் இரண்டு கோடு போட்டுவிட்டு அடுத்த கணக்குக்குப் போய்விடுவோம். கோடு போட்ட எண்ணை அதற்குமேல் யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை. நூற்று ஐம்பத்து மூன்று முழு வர்க்கமா என்று பார்த்தேன், நூற்று நாற்பத்து நான்கு முழு வர்க்கமா என்று பார்த்தேன். ஒன்பதைப் பார்க்கவில்லை. ஒன்று, நான்கு, ஒன்பது என்று பாடத்தின் முதல் வரியிலேயே வருகிற ஒன்பது. எந்தப் பிள்ளை தப்பாகச் சொன்னாலும் காதைத் திருகியிருப்பேன்.

எங்கே நிறுத்துவது? பின்னால் நிறுத்தினால் அம்மாக்களின் கண்ணுக்குத் தெரியாது. மேடைக்கும் பெரிய சதுரத்துக்கும் நடுவில், அதிகாரி நடந்து வருவதற்காக ஒதுக்கிய இடம் காலியாக இருந்தது. தலைமையாசிரியரிடம் கேட்டால் வேண்டாம் என்பார். அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. அதனால் கேட்கவில்லை. அதிகாரி மேடையேறி உட்கார்ந்ததும் ஒன்பது பேரையும் கூட்டிக்கொண்டு எல்லோர் முன்னாலும் குறுக்கே நடந்தேன். பயமாகத்தான் இருந்தது. வேலை போய்விடாது என்று தெரியும். ஆனால் இத்தனை வருடம் விதி, ஒழுங்கு என்று எல்லோரையும் விரட்டியவள் அத்தனை பேர் முன்னால் ஒழுங்கைக் குலைத்துக்கொண்டு போகிறேன் அல்லவா?

தலைமையாசிரியர் நாற்காலியிலிருந்து பாதி எழுந்தார். பி.டி. சார் வாயில் விசிலோடு என்னைப் பார்த்தார், பிள்ளைகளைப் பார்த்தார். பாண்டீஸ்வரி அதற்குள், "கை நீட்டி தூரம் எடு" என்று மற்றவர்களுக்குச் சொல்லிக்கொண்டிருந்தாள். மூன்றுக்கு மூன்று நின்றாயிற்று. பி.டி. சார் பெரிய சதுரத்துக்கும் சின்னதுக்கும் தெரிகிற மாதிரி நாலு அடி தள்ளிப்போய் நின்று விசிலை ஊதினார். அந்த மனிதரை நான் அதற்கு முன்னால் அவ்வளவாக மதித்ததில்லை.

எல்லாம் ஒழுங்காக நடந்தது என்று சொன்னால் நம்பாதீர்கள். மூன்றாவது ஸ்டெப்பில் அந்த ஆறாம் வகுப்புப் பையன் வலப்பக்கம் திரும்புவதற்குப் பதிலாக இடப்பக்கம் திரும்பிப் பாண்டீஸ்வரிக்கு நேராக நின்றான். இரண்டு பேரும் சிரித்துவிட்டார்கள். பிறகு திரும்பிக்கொண்டான். அதற்குமேல் நான் அவளைப் பார்க்கவில்லை; ஓரத்தில் நின்ற அவள் அம்மாவைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன். அவர் போனை இரண்டு கையாலும் முகத்துக்கு நேரே பிடித்திருந்தார். போன் ஆடிக்கொண்டே இருந்தது. எனக்கும் கண் மறைத்தது.

முடிந்ததும் அதிகாரி, "முன்னால அந்தச் சின்ன குரூப்பு என்ன?" என்று கேட்டார். தலைமையாசிரியர் தாடையால் என்னைக் காட்டினார். "நூத்தி அம்பத்து மூணு பேரு சார். ஒரே சதுரமா வராது. ரெண்டு சதுரமா வரும்" என்றேன். "நல்லாருக்கு" என்று சொல்லிவிட்டு அவர் செல்போனைப் பார்க்கத் தொடங்கிவிட்டார். அவ்வளவுக்குத்தான் நான் அத்தனை பயந்தேன்.

பாண்டீஸ்வரி அம்மா சாப்பாட்டுக்கு நிற்கவில்லை. மதியத்துக்கு மேலாவது நடவுக்குப் போய்விட வேண்டும் என்று கிளம்பினார். கேட் வரைக்கும் போனேன். மன்னிப்புக் கேட்க வாயெடுத்தேன். அவர் கேட்க நேரமில்லாமல், "நல்லா நெருக்கமா நின்னுச்சுக டீச்சர். வாரேன்" என்று சொல்லிவிட்டு நடந்தார்.

தலைமையாசிரியர் இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. மூன்றாம் நாள், "என்கிட்ட ஒரு வார்த்தை கேட்டுருக்கலாம் டீச்சர்" என்றார். "கேட்டா நேரமாகியிருக்கும் சார்" என்றேன். அவரும் தப்பான ஆளில்லை. அவர் தலையில் அன்று நூறு வேலை.

விழாவுக்கு மறுநாள் காலையே எட்டாம் வகுப்பில் நின்று, ஒன்பது பேரை மீதி என்று நான் சொன்னது தப்பு, பஸ் நேரம் தெரியாமல் பட்டியல் போட்டது அதைவிடத் தப்பு, என்னை மன்னிக்க வேண்டும் என்று சொன்னேன். டீச்சர் மன்னிப்புக் கேட்டால் என்ன செய்வது என்று யாருக்கும் தெரியவில்லை. பாண்டீஸ்வரி எழுந்தாள்.

"நான் மட்டும் சொல்ல முடியாது டீச்சர். ஒம்பது பேரும் சாயங்காலம் பஸ்ஸுல பேசிட்டு நாளைக்குச் சொல்றோம்."

சிரிப்பு வந்தாலும் சிரிக்கவில்லை. மறுநாள் வந்து, "ஏத்துக்கிட்டோம் டீச்சர். ஆனா இனிமே பிராக்டீஸ் ஒம்பதரைக்குத்தான் வைக்கணுமாம்" என்றாள். அன்றிலிருந்து நான் ஓய்வு பெறும் வரைக்கும் அந்தப் பள்ளியில் எந்தப் பயிற்சியும் ஒன்பதரைக்கு முன்னால் தொடங்கியதில்லை. நீங்களும் பள்ளியில் சேர்ந்த முதல் வாரத்தில் ஒரு காரியம் செய்யுங்கள். எந்தப் பிள்ளை எந்தப் பஸ்ஸில் வருகிறது, அந்தப் பஸ் எத்தனை மணிக்கு வருகிறது என்று வருகைப் பதிவேட்டின் ஓரத்தில் பென்சிலால் எழுதிவையுங்கள். பாதி ஒழுங்கீனம் அங்கேயே காணாமல் போய்விடும். பாட்டையும் நான் விடவில்லை. கதவைப் பூட்டச் சொன்ன பிறகு, "உள்ள இருக்கிறதை எண்ணிப் பாரு, வெளிய நிக்கிறதையும் எண்ணிப் பாரு" என்று ஓர் அடி சேர்த்துக்கொண்டேன். எதுகை மோனை ஒன்றும் இல்லை. பிள்ளைகள் பெருந்தன்மையாகப் பாடினார்கள்.

ஒரு மாதம் கழித்து விழாப் படம் பெரிதாகப் பிரிண்டு போட்டு, கண்ணாடிச் சட்டத்தோடு தலைமையாசிரியர் அறைக்கு வந்தது. ஆசையோடு போய்ப் பார்த்தேன். பன்னிரண்டுக்குப் பன்னிரண்டு, கட்டம் போட்ட மாதிரி மஞ்சள் கைக்குட்டைகள். மூலை பிசகவில்லை. சின்னச் சதுரம் இல்லை. சட்டத்துக்குள் அடங்கவில்லை என்று ஸ்டூடியோக்காரர் கீழ்ப்பகுதியை வெட்டிவிட்டாராம். எனக்கு வந்த ஆத்திரத்துக்கு அந்தக் கண்ணாடியை உடைத்திருப்பேன். உடைக்கவில்லை. வகுப்புக்கு வந்து உட்கார்ந்துவிட்டேன்.

பாண்டீஸ்வரி அதை எனக்கு முன்பே பார்த்திருக்க வேண்டும். சாயங்காலம் பஸ்ஸுக்குப் போகிற வழியில் என்னிடம் வந்து, "விடுங்க டீச்சர். எங்கம்மா எடுத்தது இருக்கு. மாமா மகன் போன்ல இருக்கு, உங்க நம்பருக்கு அனுப்பச் சொல்றேன்" என்றாள். அன்றைக்கே அனுப்பி வைத்தார்கள். கொஞ்சம் ஆடிப்போன படம். கைக்குட்டைகள் மஞ்சள் தீற்றலாகத் தெரிகின்றன. ஒரு பையன் தப்பான பக்கம் திரும்பி நிற்கிறான், ஒரு பெண் வாய் விட்டுச் சிரிக்கிறாள். மூன்றுக்கு மூன்று. பின்னால் நின்ற பெரிய சதுரத்தில் ஓர் ஆள்கூடப் படத்துக்குள் வரவில்லை. இன்னும் என் போனில் வைத்திருக்கிறேன்.

மறுநாள் அவளைக் கூப்பிட்டு அதைக் காட்டினேன். போனை வாங்கி இரண்டு விரலால் பெரிதாக்கிப் பார்த்தாள். நகர்த்தி நகர்த்தி நான்கு ஓரத்தையும் பார்த்தாள். பிறகு என்னை நிமிர்ந்து பார்த்துச் சிரித்தாள்.

"டீச்சர், இதுல மீதி நூத்தி நாப்பத்து நாலு பேரு."